வாடகை யாருக்கு?

எங்கள் தெருமுனையில் தையல் கடை வைத்திருப்பவர் சென்ற மாதம் ஒரு காகிதக் கட்டுடன் என் வீட்டுக்கு வந்தார். அவருடைய கடைக் கட்டடத்தின் உரிமையாளர் காலமாகி மூன்று மாதங்கள் ஆகின்றன. அவருடைய மகன் ஒருபுறமும், காலமான மூத்த மகனின் மனைவி மறுபுறமும் வாடகை கேட்கின்றனர். போதாக்குறைக்கு, அந்தக் கட்டடத்தை விலைக்கு வாங்கிவிட்டதாகச் சொல்லிக்கொண்டு மூன்றாவதாக ஒருவரும் வந்து போயிருக்கிறார். "அவர்களுக்குள் ஒரு முடிவுக்கு வரட்டும், சார். அதுவரை பணத்தைப் பெட்டியில் பத்திரமாக எடுத்து வைத்திருக்கிறேன். ஒரு ரூபாய்கூடத் தொடவில்லை" என்றார்.

அவருடைய நேர்மையில் எனக்கு ஐயமில்லை. ஆனால், அவர் செய்துகொண்டிருப்பது கடையை இழப்பதற்கான நேர்வழி. இதைச் சொல்லும் தகுதி எனக்குப் பொருளாதாரம் படித்ததால் வந்ததன்று. அதே தவற்றை நானே செய்ததால் வந்தது.

தொண்ணூறுகளின் இறுதியில் திருச்சி உறையூரில் ஒரு வாடகை வீட்டில் குடியிருந்தோம். மாத வாடகை 1,800 ரூபாய். வீட்டு உரிமையாளர் ஸ்ரீரங்கத்தில் வசித்த ஓய்வு பெற்ற ஊழியர். ஐந்தாம் தேதிக்குள் தவறாமல் வருவார், மோர் குடிப்பார், பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டு சிறிய ரசீது ஒன்றை எழுதித் தருவார். எழுத்தில் ஒப்பந்தம் என்று எதுவும் கிடையாது. ஒரு மார்கழியில் அவர் காலமானார். காரியம் முடிந்த அடுத்த வாரமே மூத்த மகன் வந்து, இனி வாடகையைத் தம்மிடம் தருமாறு சொன்னார். அந்த மாதம் முடிவதற்குள் இளைய மகனிடமிருந்து பதிவுத் தபால் வந்தது. வீட்டைத் தமக்கே தந்தை உயில் எழுதி வைத்திருப்பதாகவும், வேறு எவரிடம் தந்தாலும் அது வாடகை தந்ததாகாது என்றும் அதில் கண்டிருந்தது. உயிலின் நகலும் இணைக்கப்பட்டிருந்தது. பின்னர் மருமகன் வந்தார். "உயில் செல்லாது, மகளுக்கும் சமபங்கு உண்டு, எல்லாரும் கையெழுத்துப் போடாமல் யாருக்கும் கொடுத்துவிடாதீர்கள்" என்றார். மறைந்தவரின் மனைவி மட்டும் எதுவும் கேட்கவில்லை.

படித்தவன் என்ற நினைப்பில் நான் ஓர் ஏற்பாடு செய்தேன். அஞ்சலகத்தில் தனியாக ஒரு சேமிப்புக் கணக்கு தொடங்கி, மாதந்தோறும் 1,800 ரூபாயை அதில் செலுத்தி வந்தேன். எவருக்கும் நான் துரோகம் செய்யவில்லை என்ற நிம்மதி இருந்தது. நான்கு மாதங்கள் கழித்து மூத்த மகனின் வழக்குரைஞரிடமிருந்து அறிவிப்பு வந்தது. நான்கு மாத வாடகையை வேண்டுமென்றே செலுத்தத் தவறியதால் வீட்டைக் காலி செய்ய வேண்டுமாம்.

என்னிடம் படித்து வழக்குரைஞரான மாணவர் ஒருவரிடம் அஞ்சலகக் கணக்குப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு ஓடினேன். அவர் அதைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "கணக்கு உங்கள் பெயரில்தானே இருக்கிறது, சார்? நாளைக்கே நீங்கள் எடுத்துச் செலவழிக்கலாம். இது கொடுத்த வாடகை ஆகாது, கொடுக்காமல் வைத்திருக்கும் வாடகை" என்றார். இருபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்த வாக்கியம் மறக்கவில்லை.

வாடகை என்பது ஒரு பயன்பாட்டின் விலை. கூரையின் கீழ் நான் குடியிருந்த நாள்களுக்கு அந்த விலை முழுமையாகச் சேர்ந்துவிடுகிறது. பெறுபவர் யார் என்பதில் குழப்பம் இருப்பதால் நான் பெற்ற பயன் குறைந்துவிடுவதில்லை. எனவே, 'யாருக்கு' என்ற கேள்வி தீராதவரை 'கொடுப்பதா' என்ற கேள்வியையும் தள்ளிவைக்கலாம் என்று வாடகைதாரர் நினைக்கும்போதுதான் வழுக்கி விழுகிறார். சட்டம் இவ்விரு கேள்விகளையும் தனித்தனியே பிரித்துவைத்திருக்கிறது. முதல் கேள்விக்கு விடை தேடுவது வாடகைதாரரின் வேலையல்ல. இரண்டாவது கேள்விக்கு ஒரே விடைதான். உரிய நாளில் பணம் அவர் கையை விட்டுப் போயாக வேண்டும். பெறுபவர் தெளிவாக இல்லாதபோது, பணத்தைப் பெற்று வைத்திருக்கும் பொது இடமாக நீதிமன்றமோ அதற்கென அமைந்த அதிகாரியோ இருப்பார்.

அன்றைக்கு நடைமுறையில் இருந்தது 1960-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கட்டடங்கள் (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டம். அதன் 9-ஆவது பிரிவு இந்த நிலைமைக்கென்றே எழுதப்பட்டது போலிருக்கும். உரிமையாளரின் முகவரி தெரியாவிட்டாலும், வாடகை பெற உரியவர் யார் என்பதில் மெய்யான ஐயமோ பிணக்கோ எழுந்தாலும், வாடகையை உரிய அதிகாரியிடம் செலுத்திவிட்டு, அதற்கான சூழ்நிலையை வாடகைக் கட்டுப்பாட்டு அலுவலருக்குத் தெரிவிக்கலாம். தகுதியுள்ள நீதிமன்றம் தீர்ப்பளிக்கும்வரை, அல்லது உரிமை கோருவோர் தங்களுக்குள் உடன்பாட்டுக்கு வரும்வரை, மாதந்தோறும் அப்படியே தொடரலாம். உரிமையாளர் யாரென்று தெரிந்தும் அவர் வாங்க மறுக்கும் நிலைக்கு 8-ஆவது பிரிவு தனியே இருந்தது. வங்கிக் கணக்கைக் குறிப்பிடும்படி எழுத்தில் கேட்பது, அதற்குப் பதில் இல்லையென்றால் மணியார்டர் அனுப்புவது, அதுவும் திரும்பி வந்தால் அதிகாரியிடம் செலுத்துவது என்று அதற்குப் படிகள் இருந்தன. இவ்விரண்டையும் குழப்பிக்கொண்டு தவறான பிரிவின் கீழ் மனுச் செய்து அவதிப்பட்டவர்கள் உண்டு என்று என் மாணவர் சொன்னார்.

என்னைக் காப்பாற்றியது அதே சட்டத்தில் இருந்த ஒரு விளக்கக் குறிப்பு. வாடகை கேட்டு உரிமையாளர் இரண்டு மாத அறிவிப்புக் கொடுத்த பின்பும் தவறு தொடர்ந்தால் அது 'வேண்டுமென்றே செய்த தவறு' எனக் கொள்ளப்படும் என்கிறது அக்குறிப்பு. 1985-ஆம் ஆண்டில் சுந்தரம் பிள்ளை வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் குறிப்பை விரிவாக ஆராய்ந்து தீர்ப்பளித்திருந்தது. அறிவிப்பு வந்த இரண்டு மாதத்துக்குள் நான்கு மாத நிலுவையையும் முழுமையாகச் செலுத்தினேன். மனுவில் தாயார், இரு மகன்கள், மகள் என நால்வரையும் எதிர்த்தரப்பினராகக் காட்டினோம். மூத்த மகனின் வெளியேற்ற மனு நிற்கவில்லை. கடைசி வாரத்தில் நான் வெளியூர் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போதும் நினைத்துக்கொள்வதுண்டு.

அந்த மனுவை எழுதும்போது என் மாணவர் ஒரு சொல்லை மூன்று முறை அடித்துத் திருத்தினார். 'எதிர்மனுதாரர் உரிமையாளர் அல்லர்' என்று நான் எழுதியிருந்தேன். அதை, 'எதிர்மனுதாரர்களுள் வாடகை பெற உரியவர் எவர் என்பது மனுதாரருக்குத் தெரியவில்லை' என்று மாற்றினார். கேட்பதற்கு இரண்டும் ஒன்றுபோலத் தோன்றும். முதலாவது, உரிமையை மறுப்பது; நல்லெண்ணமின்றி உரிமையாளரின் உரிமையை மறுப்பது அதே சட்டத்தில் வெளியேற்றத்துக்கு ஒரு காரணம். இரண்டாவது, அறியாமையைச் சொல்வது. அதற்குத் தண்டனை இல்லை.

இதற்குப் பின்னால் பழைய விதி ஒன்று இருக்கிறது. குடியேறும் காலத்தில் உரிமையாளராக இருந்தவருக்கு அப்போது உரிமையில்லை என்று, குடித்தனம் நீடிக்கும்வரை வாடகைதாரர் வாதிட முடியாது. 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்தில் இருந்த இவ்விதி, அதற்குப் பதிலாக 2024 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த புதிய சாட்சியச் சட்டத்திலும் தொடர்கிறது. ஆனால், அந்த உரிமை பின்னர் யார் கைக்குப் போனது என்று கேட்பதை அது தடுக்கவில்லை. சாவியைக் கொடுத்தவரை மறுக்கக் கூடாது. அவருக்குப் பின் வந்து கை நீட்டுபவரிடம் ஆவணம் கேட்கலாம்.

வாடகைச் சட்டம் பொருந்தாத கட்டடங்களுக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 88-ஆவது பிரிவும் 35-ஆவது கட்டளையும் வழி காட்டுகின்றன. வழக்குரைஞர்கள் இதை 'இன்டர்பிளீடர்' வழக்கு என்பார்கள். ஒரு பொருளையோ பணத்தையோ வைத்திருப்பவர், 'இதில் எனக்கு எந்த உரிமையும் இல்லை. இவர்கள் இருவரும் கேட்கிறார்கள். யாருக்கென்று தீர்மானித்துச் சொல்லுங்கள்' என்று தாமே நீதிமன்றத்தை அணுகுவது இது. உரிமை கோருபவர்களுள் எவருடனும் அவர் கூட்டு வைத்திருக்கக் கூடாது. இதிலும் வாடகைதாரருக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. வீட்டு உரிமையாளரையும், அவருக்குத் தொடர்பேயில்லாத மூன்றாம் மனிதர் ஒருவரையும் மோதவிட்டு இப்படி வழக்குத் தொடர முடியாது. உரிமையாளர் வழியாக உரிமை கோருபவர்கள், அதாவது அவருடைய வாரிசுகள், அவரிடம் வாங்கியவர்கள் ஆகியோரிடையே எழும் போட்டிக்கு மட்டுமே இது பயன்படும். சட்டமே இதற்கு நகைப் பெட்டி ஒன்றை உதாரணமாகத் தருகிறது. முகவராகக் கருதி ஒருவர் உங்களிடம் ஒப்படைத்த நகைப் பெட்டியை, 'அது என்னிடம் முறைகேடாகப் பெறப்பட்டது' என்று வேறொருவர் கேட்டு வந்தால், அவ்விருவரையும் எதிர்த்தரப்பாக்கி நீங்கள் வழக்குத் தொடர முடியாது. நம்பி ஒப்படைத்தவரையே ஐயப்படும் உரிமை உங்களுக்குத் தரப்படவில்லை.

குத்தகை நிலங்களுக்கும் இந்தச் சிந்தனை புதிதன்று. 1955-ஆம் ஆண்டின் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம், குத்தகையை நீதிமன்றத்தில் செலுத்த உழவருக்கு இடம் தருகிறது. குத்தகையை நெல்லாக அளக்க வேண்டியிருந்தால், செலுத்தும் நாளின் சந்தை மதிப்பைப் பணமாகச் செலுத்தலாம். மூட்டைகளை நீதிமன்ற வாசலில் இறக்க வேண்டியதில்லை.

உரியவரல்லாத ஒருவருக்கு நம்பிக் கொடுத்துவிட்டவரின் நிலை என்ன? 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் இங்கே கருணையோடு நடந்துகொள்கிறது. வீடு விற்கப்பட்டதை அறிய வழியின்றிப் பழைய உரிமையாளருக்கே வாடகை கொடுத்து வந்தவர், அதே வாடகையைப் புதியவருக்கு மீண்டும் கொடுக்க வேண்டியதில்லை. யாரிடமிருந்து வீட்டைப் பெற்று நல்லெண்ணத்துடன் வாடகை கொடுத்து வந்தாரோ, அவருக்கு உரிமையில்லை என்பது பின்னால் தெரிய வந்தாலும் கொடுத்தது கொடுத்ததுதான். ஆனால், இந்தப் பாதுகாப்பு அறியாமைக்கு மட்டுமே. போட்டி உரிமை கோரும் கடிதம் ஒன்று கைக்கு வந்த பிறகு, 'எனக்குத் தெரியாது' என்று சொல்ல முடியாது. இக்காலத்தில் கைப்பேசி வழியாக மறைந்தவரின் வங்கிக் கணக்குக்கே பணம் அனுப்பிக்கொண்டிருக்கும் வாடகைதாரர்கள் பலர். வாடகையை நிறுத்தவில்லை என்பதற்கு அது ஓரளவு சான்றாகலாம். வாரிசுகள் எழுத்தில் அறிவித்த பிறகும் அதையே தொடர்வது பாதுகாப்பானதன்று.

இப்போது 1960-ஆம் ஆண்டுச் சட்டம் இல்லை. உரிமையாளர், வாடகைதாரர் ஆகியோரின் உரிமைகளையும் பொறுப்புகளையும் ஒழுங்குபடுத்தும் 2017-ஆம் ஆண்டுச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. துணை ஆட்சியர் நிலைக்குக் குறையாத ஓர் அலுவலர் வாடகை அதிகாரியாக நியமிக்கப்படுகிறார். உரிமையாளர் வாங்க மறுத்தாலும், யாருக்குக் கொடுப்பது என்பதில் மெய்யான ஐயம் எழுந்தாலும் வாடகையை அவரிடம் செலுத்தலாம். புதிய சட்டம் எழுத்து ஒப்பந்தத்தையும் அதன் பதிவையும் வலியுறுத்துகிறது. கொள்கையளவில் சரிதான். ஆனால், என்னுடைய உறையூர் வீட்டைப் போலவும் தையல்காரரின் கடையைப் போலவும், ரசீதையும் வாய்மொழியையும் நம்பி நடக்கும் குடித்தனங்கள் எத்தனை? உரிமையாளர் உயிரோடு இருந்தபோதே எழுதிக்கொள்ளாத ஒப்பந்தத்தை, அவர் மறைந்து வாரிசுகள் மோதிக்கொள்ளும்போது யாரிடம் போய் எழுதி வாங்குவது? சட்டத்தின் பாதுகாப்பு மிகவும் தேவைப்படும் மனிதருக்கே அதன் வாசற்படி உயரமாக இருக்கிறது.

மறைந்தவருக்கு நான்கு வாரிசுகள் இருந்தால், நால்வரிடமும் ஆளுக்கொரு பங்கைக் கொடுத்துவிட்டால் போதாதா என்று கேட்கலாம். என் வழக்கில் உயில் செல்லாதென்றால், இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மனைவிக்கும் மூன்று பிள்ளைகளுக்கும் தலா நான்கில் ஒரு பங்கு. ஆளுக்கு 450 ரூபாய். உயில் செல்லுமென்றால் முழுவதும் இளைய மகனுக்கு. அப்படியிருக்க, பங்கு பிரிக்கும் வேலையை வாடகைதாரர் கையிலெடுப்பது நீதிபதியின் நாற்காலியில் உட்காருவதற்குச் சமம். வாரிசுச் சான்றிதழும் பட்டாவும் இதைத் தீர்த்துவிடும் என்று நம்புவோர் உண்டு. வாரிசுச் சான்றிதழ் உறவைச் சொல்லும். பட்டா வருவாய்த் துறையின் பதிவைச் சொல்லும். உரிமை யாருடையது என்று இறுதியாகச் சொல்ல வேண்டியது உரிமையியல் நீதிமன்றமே.

பொருளியலில் ஒரு பொதுவான கருத்து உண்டு. ஓர் ஐயத்தைக் குறைந்த செலவில் தீர்க்கக்கூடியவர் எவரோ, அதன் சுமையை அவரே தாங்க வேண்டும். உயில் உண்மையா, பாகப்பிரிவினை நடந்ததா என்பது வாரிசுகளுக்குத் தெரிந்த அளவுக்கு வாடகைதாரருக்குத் தெரியாது. ஒரே வாடகையை இருமுறை கட்ட நேரும் அபாயத்தை அவர் தலையில் சுமத்தாமல், நீதிமன்றத்தில் செலுத்த வழி செய்திருப்பது இந்தக் கணக்குப்படி நல்ல ஏற்பாடு. இப்படித்தான் நானும் அன்று என்னைத் தேற்றிக்கொண்டேன்.

தேறாத ஒரு கணக்கும் உண்டு. நான் மொத்தம் 26 மாத வாடகையை அங்கே செலுத்தினேன், 46,800 ரூபாய். அந்தப் பணத்துக்கு வட்டி என்று எதுவும் சேரவில்லை. ஆண்டுக்குப் பத்து விழுக்காடு என்று வைத்துக்கொண்டாலே 5,000 ரூபாய்க்குக் குறையாது. ஏறத்தாழ மூன்று மாத வாடகை. ஒவ்வொரு மாதமும் செலான் எழுதி, கையெழுத்து வாங்கி, வங்கியில் கட்டி, நகலைத் திரும்பத் தாக்கல் செய்வதற்கு எனக்கு அரைநாள் விடுப்பு போயிற்று. மாதச் சம்பளக்காரனுக்கு அது தாங்கும். கடையை அரைநாள் அடைத்துவிட்டு வர வேண்டிய தையல்காரருக்கு அது வேறு கணக்கு.

இரண்டாம் ஆண்டில் ஒருநாள் அந்த அம்மாள் ஸ்ரீரங்கத்திலிருந்து பேருந்தில் வந்து இறங்கினார். திண்ணையில், கணவர் வழக்கமாக உட்காரும் இடத்திலேயே உட்கார்ந்தார். மருந்துக்குப் பணமில்லை என்றும், இரு மகன்களும் வழக்கு முடியட்டும் என்கிறார்கள் என்றும் சொன்னார். "ஒரு மாத வாடகை மட்டும் என் கையில் கொடு, தம்பி" என்றார். பணம் என்னிடம் இல்லை, நீதிமன்றத்தில் இருக்கிறது என்று விளக்கினேன். என் பணத்திலிருந்து தருகிறேன், வைத்துக்கொள்ளுங்கள் என்றேன். "கடனாக வேண்டாம். என் வீட்டு வாடகையைத்தான் கேட்டேன்" என்று சொல்லிவிட்டு, மோரைக்கூடக் குடிக்காமல் எழுந்து போனார்.

சட்டப்படி நான் செய்தது முழுக்கச் சரி. அவரிடம் ஒரு ரூபாய் கொடுத்திருந்தாலும் மற்ற மூவரும் என் மீது பாய்ந்திருப்பார்கள். ஆனாலும், பணம் பூட்டப்பட்டதால் வருந்தியது வழக்காடியவர்கள் அல்லர். வழக்கே ஆடாத ஒருவர். இளைய மகனுக்கு வேலை இருந்தது, மூத்தவருக்குக் கடை இருந்தது. காத்திருக்க அவர்களால் முடிந்தது. காத்திருக்கும் வலிமையே வழக்கில் பேரம் பேசும் வலிமை என்பதை நான் எந்தப் பாடநூலிலும் இவ்வளவு தெளிவாகப் படித்ததில்லை.

இரண்டு மாற்றங்களை அரசு எண்ணிப் பார்க்கலாம். செலுத்தப்படும் வாடகை தானாகவே வட்டி ஈட்டும் வங்கி வைப்பில் போய்ச் சேர வேண்டும். கணினி வழியே வரி கட்டும் காலத்தில் இது கடினமான வேலையன்று. இரண்டாவதாக, மறைந்தவரின் வாழ்க்கைத் துணை முதியவராகவும் வேறு வருவாய் இல்லாதவராகவும் இருந்தால், இறுதித் தீர்ப்பில் சரிசெய்துகொள்ளும் நிபந்தனையோடு ஒரு பகுதியை மாதந்தோறும் அவருக்கு விடுவிக்க வாடகை அதிகாரிக்கு வெளிப்படையான அதிகாரம் வேண்டும். உயில் மெய்யென்று தீர்ப்பானால் அவருக்குப் பங்கே இல்லையே என்று வழக்குரைஞர் நண்பர்கள் ஆட்சேபிக்கின்றனர். உண்மைதான். அப்படியானால் சொத்தைப் பெறும் மகன், தன் தாய் சாப்பிட்ட சில ஆயிரம் ரூபாயை விட்டுக்கொடுக்கட்டும். மத்திய அரசு 2021-இல் வெளியிட்ட மாதிரி வாடகைச் சட்டம், இப்படிச் செலுத்தப்படும் பணத்தைப் பற்றி அதிகாரி விசாரித்து உத்தரவிட வேண்டும் என்கிறது. ஆனால், அதை ஏற்பதும் விடுவதும் மாநிலங்களின் விருப்பம்.

வீட்டு உரிமையாளர்களும் ஒரு வரி எழுதி வைக்கலாம். வங்கிக் கணக்குக்கு நியமனதாரர் இருப்பதுபோல, தமக்குப் பின் வாடகையை யார் பெற்றுக்கொள்ள வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே குறிப்பிடலாம். அவர் சொத்துக்கு உரிமையாளர் ஆகிவிடமாட்டார். வாரிசுகள் சார்பில் வாங்கி வைப்பார். பிணக்குகளை அது ஒழிக்காது என்றாலும், முதல் சில மாதங்களின் குழப்பத்துக்கு அணை போடும்.

என் வழக்கு பாகப்பிரிவினையில் முடிந்தது. உறையூர் வீடு மகளுக்குப் போயிற்று. 46,800 ரூபாயையும் அவரே எடுத்துக்கொள்ள மற்றவர்கள் சம்மதித்தார்கள். அவர் முதல் மாத வாடகை வாங்க வந்தபோது தாயாரையும் அழைத்து வந்திருந்தார். ரசீதை எழுதியவர் மகள். பணத்தை வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டவர் தாய்.

தையல்காரருக்கு அன்று மாலையே ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தேன். மூவருக்கும் ஒரே வாசகம்: உங்கள் உரிமைக்கான ஆவணங்களின் நகலைப் பத்து நாளுக்குள் அனுப்புங்கள், உங்களில் எவருடைய உரிமையையும் நான் மறுக்கவில்லை, தெளிவு ஏற்படும்வரை நிலுவையையும் இனிவரும் வாடகையையும் உரிய இடத்தில் செலுத்திவிடுவேன். பழைய ரசீதுகளைத் தேதிவாரியாக அடுக்கி நகல் எடுக்கச் சொன்னேன். பெட்டியில் இருக்கும் மூன்று மாதப் பணத்துடன் ஒரு வழக்குரைஞரைப் பார்க்கவும் ஏற்பாடாகிவிட்டது. விற்பனை வாங்கியதாகச் சொன்னவர் இதுவரை பத்திர நகலை அனுப்பவில்லை.